தாயத்துக் கட்டிய வலது கை

சனிக்கிழமை சாயங்காலம் ஆனால் போதும், பிரிக்பீல்ட்ஸில் செங்கல் சூளைக்குப் பின்னால் இருந்த தகரக் கொட்டகையின் முன்னால் கால் வைக்க இடமிருக்காது. கூட்டத்தைப் பார்த்துவிட்டு, யாரோ செத்துவிட்டார்கள் என்று பதறி ஓடிவந்த வெளியூர்க்காரர்களும் உண்டு. செத்தது ஆள் இல்லை, மூளைதான். அதுவும் ஒன்றிரண்டு அல்ல.

உள்ளே வீற்றிருந்தவர் பெயர் சக்கரச் சாமியார். அவருக்குப் பின்னால் சுவரில் பெருமாளின் சக்கரம் இருக்கும் என்று நினைத்தால் ஏமாந்துபோவீர்கள். பழைய லோரி ஒன்றிலிருந்து கழற்றிய ஸ்டீரிங்குக்குச் சந்தனம் பூசி, குங்குமம் வைத்து, மல்லிகை மாலை போட்டு மாட்டியிருந்தார். தீபாராதனைக்குச் சங்கு ஊதுவதில்லை. ரப்பர் பந்து வைத்த மோட்டார் ஹாரனை மூன்று தடவை அமுக்குவார். தெருவில் அந்தச் சத்தம் கேட்டால் ஓரமாக ஒதுங்குகிற ஜனங்கள், கொட்டகைக்குள் கேட்டதும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். இதற்கு முன் சாமியார் பந்திங் பக்கம் நோய் வந்த கோழிகளுக்கு மந்திரித்துக்கொண்டிருந்தாராம். கோழிகள் செத்துப்போயின. தவிர, கோழி தட்சிணை தருவதில்லை. அதனால் மனிதர்களிடம் வந்துவிட்டார்.

அது மலாய் நாட்டில் 1932ஆம் வருஷம். ரப்பர் விலை விழுந்து, தோட்டங்களிலும் ரயில்வேயிலும் ஆள் குறைத்துக்கொண்டிருந்தார்கள். வேலை போனவர்களைக் கப்பலேற்றி நாகப்பட்டினத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்த காலம். மோட்டார் ஓட்டுகிறவனுக்கு மட்டும் எங்காவது ஒரு வேலை அகப்பட்டது. ஆனால் அதற்கு லைசென்ஸ் வேண்டும். லைசென்ஸ் வேண்டுமென்றால் போலீஸ் மைதானத்தில் சார்ஜனைப் பக்கத்தில் உட்காரவைத்து ஓட்டிக் காட்ட வேண்டும். மேட்டில் நிறுத்திய வண்டியைப் பின்னால் வழுக்காமல் எடுக்க வேண்டும், இரண்டு குச்சிகளுக்கு நடுவே பின்புறமாகப் புக வேண்டும், திரும்பும்போதும் நிறுத்தும்போதும் வலது கையை வெளியே நீட்டிச் சைகை காட்ட வேண்டும். இதையெல்லாம் பழக மாதக்கணக்காகும். சாமியாரிடம் தாயத்துக் கட்டிக்கொள்ள ஐந்து நிமிஷம் போதும். கூட்டம் எந்தப் பக்கம் போகும் என்று சொல்லவும் வேண்டுமா?

சாமியார் கண்ணை மூடி, ஆளின் விதியை ஒரு துண்டுச் சீட்டில் எழுதுவார். அதைச் சுருட்டிச் செப்புக் குழாயில் போட்டு, மெழுகால் அடைத்து, வலது மணிக்கட்டில் கட்டுவார். பிறகு கட்டளைகள். பரீட்சை முடிகிற வரை குழாயைத் திறக்கக்கூடாது. வண்டியில் ஏறி உட்கார்ந்த பிறகு தாயத்துக் கட்டிய கையில் வெளிக்காற்று படக்கூடாது. பட்டால் சக்தி பறந்துவிடும். பாஸானவன் குழாயைத் திறக்காமலே கிள்ளான் ஆற்றில் எறிந்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் போக வேண்டும். பெயிலானவன் குழாயைச் சாமியாரிடம் கொண்டுவர வேண்டும். அவரே திறந்து, கிட்டாது என்று எல்லோர் முன்னிலையிலும் படித்து, காரணத்தை மட்டும் அவன் காதோடு சொல்லிவிட்டு, சீட்டைக் கற்பூரத்தில் கொளுத்திவிடுவார். பரீட்சைக்கு முன்னாலேயே அடைத்த சீட்டில் பெயில் என்று சரியாக எழுதியிருக்கிறதே என்று கூட்டம் வாயைப் பிளக்கும்.

இப்படி இரண்டு தடவை வாயைப் பிளந்தவன் அய்யாவு. ரயில்வே பட்டறையில் இஞ்சின் துடைத்துக்கொண்டிருந்து, ஆள்குறைப்பில் வேலை இழந்தவன். கிள்ளானில் நாச்சியப்பன் செட்டியாரிடம் கொப்பரை ஏற்றும் லோரி ஒன்று டிரைவர் இல்லாமல் நின்றது. அய்யாவு நன்றாக ஓட்டுவான் என்று கேள்விப்பட்ட செட்டியார், லைசென்ஸோடு வா, வேலை உனக்கு என்று சொல்லியிருந்தார். பரீட்சை வெள்ளிக்கிழமைதோறும் நடக்கும். செட்டியார் இரண்டு வெள்ளிக்கிழமை பொறுத்துப் பார்த்தார். மூன்றாவது வெள்ளிக்கிழமையும் தவறினால், திங்கட்கிழமை வேறு ஆள் ஏறிவிடுவான். அய்யாவுக்கு மிச்சம் இருப்பது கப்பல்தான்.

அவன் பெயிலான கதையைக் கேட்டால் சிரிப்பதா அழுவதா என்று தெரியாது. மேட்டில் அருமையாக வண்டியை எடுத்தான். குச்சிகளுக்கு நடுவே நூல் பிடித்ததுபோலப் புகுந்தான். திருப்பம் வந்ததும் தாயத்தின் நினைவு வந்தது. வண்டிக்குள்ளேயே, நெஞ்சுக்கு நேரே, கையை மடக்கிப் பணிவாகச் சைகை காட்டினான். பின்னால் வருகிறவன் ஜோசியம் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டியதுதான். கையை வெளியே நீட்டு என்று சார்ஜன் மலாயில் கத்தினார். அய்யாவு கையை இன்னும் உள்ளே இழுத்துக்கொண்டான். சார்ஜன் வண்டியை நிறுத்தச் சொல்லி, காகிதத்தில் குறுக்குக்கோடு போட்டார்.

மறுநாள் சாமியார் குழாயைத் திறந்து காதோடு சொன்னது வேறு காரணம். மனைவி தீட்டை மறைத்துச் சமைத்தாள் என்று சீட்டில் இருந்ததாம். இரண்டாம் தடவையும் அதே குற்றம். வீட்டுக்கு வந்த அய்யாவு மனைவி மாரியாயியைப் பிடித்துக்கொண்டான். அவள் எவ்வளவோ சொல்லியும் கேட்கவில்லை. பரிகாரம் என்று மூன்று நாள் அவளைப் பட்டினி போட்டான். கையை நீட்டாதது அவன், வயிறு காய்ந்தது அவள். இதற்குப் பெயர்தான் பக்தி.

மாரியாயிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் கண் தெரியும். போலீஸ் மைதானத்துக்கு எதிரே தினமும் காலையில் ஆப்பம் சுட்டு விற்கிறவள் அவள். சட்டியில் மாவை ஊற்றிவிட்டு, வேகிற நேரத்தில் வண்டிகளைப் பார்த்துக்கொண்டிருப்பாள். அதனால் மூன்றாவது தாயத்தோடு அய்யாவு வெள்ளிக்கிழமை காலையில் மைதானத்துக்கு வந்தபோது, அவனை அடுப்பு ஓரமாக உட்காரவைத்து மெதுவாகப் பேசினாள்.

"ஏங்க, மூணு மாசமா பார்க்குறேன். கைய வெளிய நீட்டுனவன் சிரிச்சிக்கிட்டு வர்றான். நீட்டாதவன் தலையத் தொங்கப்போட்டுக்கிட்டு வர்றான். தாயத்து ரெண்டு பேர் கையிலயுந்தான் இருக்கு."

"சாமி சொல்லிருக்காரு, புள்ள."

"சாமியா மார்க்குப் போடுறாரு? சார்ஜன்தானே போடுறாரு."

அய்யாவு தாயத்தை இறுக்கிக்கொண்டான். பக்கிரிசாமி தாயத்துக் கட்டித்தானே பாஸானான் என்று நினைத்துக்கொண்டான். பக்கிரிசாமி சாமியாரின் பெரிய விளம்பரம். அவனை முன்னால் நிறுத்தித்தான் ஒவ்வொரு சனிக்கிழமையும் ஹாரன் அடிப்பார்கள். அவனோ பத்து வருஷம் லோரியில் கிளீனராக இருந்தவன். திருப்பம் வந்தால் கை தானாக வெளியே போய்விடும். பரீட்சையிலும் போய்விட்டது. கட்டளையை மீறியது தெரிந்தால் லைசென்ஸ் பறிபோகுமோ என்ற பயத்தில் அவன் யாரிடமும் மூச்சுவிடவில்லை. ஆப்பம் வாங்க வந்த இடத்தில் மாரியாயியிடம் மட்டும் ஒரு நாள் உளறியிருந்தான்.

கையை நீட்டினால் தாயத்தின் சக்தி பறந்துவிடும், அது இல்லாமல் ஓட்ட முடியாது என்றான் அய்யாவு. மாரியாயி சண்டைக்குப் போகவில்லை. தாயத்தைக் கழற்றி ஆப்பக்கூடையில் வைக்கச் சொன்னாள். மைதானம் எதிரே, கூப்பிடு தூரத்தில்தான் இருக்கிறது. அவ்வளவு தூரத்துக்குச் சாமியின் சக்தி எட்டாதா என்று கேட்டாள். எட்டும் என்றால் கழற்ற வேண்டும். எட்டாது என்றால் சாமியைக் குறைத்துச் சொன்ன பாவம். அதற்குள் சார்ஜன் அய்யாவின் பெயரைக் கூப்பிட்டுவிட்டார். குழாயைக் கழற்றிக் கூடையில் போட்டுவிட்டு ஓடினான்.

மேடு வந்தது, எடுத்தான். குச்சிகள் வந்தன, புகுந்தான். சாலைத் திருப்பம் வந்தபோது கை பாதி தூரம் போய் நின்றுவிட்டது. பின்னால் ஒரு மாட்டுவண்டி வந்துகொண்டிருந்தது. அய்யாவு தன் வெறும் மணிக்கட்டைப் பார்த்தான், பிறகு எதிரே ஆப்பக்கடையைப் பார்த்தான். அங்கே மாரியாயி கரண்டி பிடித்த கையை வெளியே நீட்டிக் காட்டிக்கொண்டிருந்தாள். அவன் கை தோள் வரைக்கும் வெளியே போனது. மாட்டுவண்டிக்காரன் மாட்டை இழுத்துப் பிடித்து வழி விட்டான்.

"போலே" என்றார் சார்ஜன். ஆகும், சரி என்று அர்த்தம். இரண்டு வெள்ளிக்கிழமையாக அவர் அய்யாவுக்குச் சொல்லாத சொல். அய்யாவு ஸ்டீரிங்கின் மேல் நெற்றியை வைத்து அழுதுவிட்டான். கப்பல் போய்விட்டது, அவன் ஏறவில்லை.

அழுது முடித்ததும் அவன் செய்ய நினைத்த முதல் காரியம் என்ன தெரியுமா? குழாயை எடுத்துக்கொண்டு கிள்ளான் ஆற்றுக்கு ஓடுவது. மாரியாயி கூடையின் மேல் உட்கார்ந்துகொண்டாள். ஆறு எங்கேயும் போய்விடாது, நாளைக்குச் சனிக்கிழமை, முதலில் சாமியைப் பார்த்துவிட்டு வரலாம் என்றாள்.

மறுநாள் கொட்டகையில் ஹாரன் வழக்கத்தைவிட இரண்டு தடவை அதிகமாக அடித்தது. மூன்றாவது தாயத்தில் அய்யாவின் தோஷம் தீர்ந்தது என்று சாமியார் முழங்கினார். அய்யாவு கைகூப்பி நின்றான். அன்றைக்குப் புதிதாக ஏழு பேர் கட்டிக்கொண்டிருந்தார்கள். அதில் கார்த்திகேசுவும் ஒருவர். யாழ்ப்பாணத்துக்காரர், ரயில்வே கிராணி, அதாவது குமாஸ்தா. தினம் இங்கிலீஷ் பேப்பர் படிப்பார், சின்னக் கார் ஒன்று வாங்கி வைத்திருக்கிறார். படித்தவர் என்பதால் முன்வரிசையில் பாய் போட்டு உட்காரவைத்திருந்தார்கள். முட்டாள்தனத்துக்கும் இடஒதுக்கீடு உண்டு.

மாரியாயி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். தன் புருஷன் பாஸாவான் என்று சாமி எழுதிய வாக்கைத் தன் காதால் கேட்க ஆசை என்றாள். சாமியார் முகம் சுருங்கியது. பாஸானவன் குழாயைத் திறந்தால் லைசென்ஸ் தங்காது, திறக்கிறவர் கண்ணும் அவிந்துபோகும் என்றார். அய்யாவுக்கு உயிரே போய்விட்டது. வேண்டாம் என்று மனைவியின் கையைப் பிடித்தான். அவள் அதற்குள் மெழுகைப் பல்லால் கடித்துத் துப்பியிருந்தாள். சீட்டை எடுத்துக் கார்த்திகேசுவிடம் நீட்டினாள்.

கிராணி கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு உரக்கப் படித்தார். "இம்முறை கிட்டாது. மனைவி தீட்டை மறைத்துச் சமைத்தாள். பரிகாரம் செய்து மறுபடியும் கட்டிக்கொள்ளவும்."

கூட்டம் சாமியார் பக்கம் திரும்பியது. ஆனால் கோழியிடம் தொழில் பழகியவர் சும்மாவா? அதுதான் அவன் விதி, அந்த விதியைத் தன் தவத்தால் வெள்ளிக்கிழமை காலையில் மாற்றியதாகச் சொல்லிவிட்டார் சாமியார். ஆகா என்று நாலு பேர் விழுந்து கும்பிட்டார்கள். அய்யாவே பாதி குனிந்துவிட்டான். ஏமாற்றுகிறவனுக்கு எடுத்துக்கொடுக்க ஆளா இல்லை நம்மிடம்!

மாரியாயி வாதாடவில்லை. கிராணியின் மணிக்கட்டைக் காட்டினாள். "ஐயா இன்னும் பரீட்சைக்கே போகல. இத திறங்க. உங்க விதி என்னன்னு பார்ப்போம்."

கார்த்திகேசு கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டார். கண் அவிந்துபோகும் என்று சாமியார் மறுபடியும் கத்தினார்.

"நான் இப்பத்தான் ஒண்ணு திறந்தேன்" என்றாள் மாரியாயி. "சாமி மூக்குமேல இருக்குற மச்சம்கூட நல்லாத் தெரியுது."

எங்கோ ஒருவன் சிரித்தான். படித்தவருக்கு வெட்கம் வந்துவிட்டது. குழாயைத் திறந்து, வாய்க்குள்ளேயே படித்தார். முகம் கோணியது. சத்தமாகப் படியுங்கள் என்று பின்னாலிருந்து குரல் வந்தது. அவர் சீட்டையும் சாமியாரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"மனைவி தீட்டை மறைத்துச் சமைத்தாள் என்று கிடக்கு" என்றார். "எனக்கு இன்னும் கலியாணமே ஆகேல்லை."

அப்புறம் யாரும் யாருக்காகவும் காத்திருக்கவில்லை. மிச்சமிருந்த ஆறு குழாயும் திறந்தன. ஒரே கை எழுத்து, ஒரே சமையல், ஒரே தீட்டு. பாஸானவனின் குழாய் ஏன் ஆற்றுக்குப் போகிறது, பெயிலானவனின் சீட்டு ஏன் கற்பூரத்துக்குப் போகிறது என்று இப்போதுதான் எல்லோருக்கும் விளங்கியது. பக்கிரிசாமி முன்னால் வந்து, தன் கை அன்றைக்கு வெளியேதான் போனது என்று எல்லோர் காதிலும் விழும்படி சொன்னான். கட்டளையைக் கேட்டவன் பெயில், மறந்தவன் பாஸ். பெயிலானவன் திரும்ப வருவான், திரும்பக் கட்டுவான். நல்ல தொழில்தான். ஸ்டீரிங்கை யாரோ சுவரிலிருந்து கழற்றினார்கள். திரும்பிப் பார்த்தபோது சாமியார் பின்வாசல் வழியாக ரிக்‌ஷாவில் போய்க்கொண்டிருந்தார். சக்கரச் சாமியாருக்கு மோட்டார் ஓட்டத் தெரியாது என்பதும் அன்றைக்குத்தான் தெரிந்தது.

அய்யாவு மனைவியின் முகத்தைப் பார்க்க முடியாமல் நின்றான். மூன்று நாள் பட்டினி அவன் நினைவுக்கு வந்தது. வீட்டுக்குப் போனதும் அவனே உலை வைத்து, சோறு வடித்து, அவளை உட்காரவைத்துப் பரிமாறினான். அவள் இரண்டாம் சோறும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

திங்கட்கிழமை கொப்பரை லோரி கிள்ளான் பாலத்தைக் கடந்தபோது, அய்யாவின் வலது கை திருப்பத்துக்குத் திருப்பம் வெளியே நீண்டது. சாமியார் விட்டுப்போன ஹாரன் இப்போது மாரியாயியின் ஆப்பக்கடையில் இருக்கிறது. ஆப்பம் வெந்ததும் அமுக்குவாள், பசித்தவர்கள் வருவார்கள்.

இரண்டு மாதம் கழித்து அதே தகரக் கொட்டகைக்குப் புதிதாக ஒருவர் வந்திருக்கிறார். ஆள்குறைப்புப் பட்டியலில் பெயர் வராமலிருக்க விபூதி கொடுக்கிறாராம். கூட்டம் சாலை வரைக்கும் நிற்கிறது. முன்வரிசையில் கண்ணாடி போட்ட கிராணி ஒருவரைப் பார்த்ததாகவும் கேள்வி. லோரி ஓட்டத்தான் லைசென்ஸ் வேண்டும். மூளையை ஓட்ட எந்தச் சார்ஜனும் லைசென்ஸ் கேட்பதில்லை. ஒரு தடவையாவது ஓட்டிப் பாருங்களேன்.