கப்பலில் வந்த காலம்

பெண் கேட்டு வரச் சொன்ன வீட்டின் வாசலில், ஒன்றரை மணி நேரம் பிந்தி வந்து செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தான் தீபன்.

பெண்ணுக்குச் சம்மதம். புனிதாவும் அவனும் ஈப்போவில் ஒரே கார் டயர்க் கம்பெனியில் வேலை பார்த்துப் பழகியவர்கள். தடையெல்லாம் அவளுடைய அப்பா பழனியப்பன்தான். பழைய ரப்பர்த் தோட்டத்தில் விடிகாலைப் பெரட்டு வரிசையில் பேர் கூப்பிட்டு ஆள் எடுத்தவர். பிந்தி வந்தவனுக்கு அன்று வேலை கிடையாது. தோட்டம் விலைபோய், எல்லோரும் தாமான் என்ற புதுக் குடியிருப்புக்கு வந்த பிறகும் அந்தக் குணம் மட்டும் அவரோடு கூடவே வந்துவிட்டது என்பது ஊர்ப் பேச்சு.

"ஆறு மணின்னு சொன்னேன்" என்றார் பழனியப்பன், வணக்கத்துக்குப் பதிலாக.

தூங்கிவிட்டான் என்பதுதான் உண்மை. ஆனால் தீபனின் வாய் எப்போதும் அவனிடம் கேட்டுக்கொண்டு பேசியதில்லை.

"ராகு காலம் முடியட்டும்னு வெளிய நின்னேன் அங்கிள்."

"ஞாயித்துக்கெழம ராகு காலம் ஆறோட முடிஞ்சிருமே."

"அது இந்தியாக் கணக்கு அங்கிள். அங்க சூரியன் ஆறுக்கு வருது. ஈப்போவுல ஏழு தாண்டித்தானே வருது? அப்ப ராகுவும் லேட்டாத்தானே வரும். 'காலப் பெருமறை'யில தெளிவா இருக்கு."

அப்படி ஒரு நூல் உலகத்தில் இல்லை. அந்தப் பெயர் தீபனுக்கே அப்போதுதான் தெரியும்.

"அதுல என்னா இருக்கு?"

மாட்டிக்கொண்டவன் கண்ணை மூடிக்கொண்டு ஓதினான். "'காலம் நம் முன்னோரோடு கப்பலில் வந்தது. கரை இறங்கிய களைப்பு அதற்கு இன்னும் தீரவில்லை. ஆகவே இம்மண்ணில் அது பிந்தியே நடக்கும். அதை முந்தி ஓடுகிறவன் அதை அவமதிக்கிறான்.'"

சமையலறையில் புனிதா தலையில் அடித்துக்கொண்டாள். தேத்தண்ணீர் கொண்டுவந்த அவள் அம்மா மங்களம், தட்டோடு அப்படியே நின்றாள்.

பழனியப்பன் மட்டும் அந்த வரியை வாய்க்குள் இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார். முகம் மெல்ல மலர்ந்தது.

"இத்தன வருசமா இது தெரியாமப் போச்சே. அந்தப் புத்தகத்தக் கொண்டா தம்பி. கல்யாணத்த அப்புறம் பேசலாம்."

கேட் வரை வந்த புனிதா பல்லைக் கடித்தாள். "தூங்கிட்டேன்னு சொல்லியிருந்தா ஒரு ஏச்சோட போயிருக்கும்லா."

"இப்பப் போயி சொல்லிரவா?"

"இப்பச் சொன்னா பொய்யனுக்குப் பொண்ணு இல்லன்னுவாரு. புத்தகத்தக் கொண்டா, இல்லாட்டி என்ன மறந்துரு."

மறப்பதற்குத் தீபன் தயாராக இல்லை. புத்தகம் தஞ்சோங் மாலிமில் கார்த் தொழிற்சாலையில் இருக்கும் ஒரு கூட்டாளியிடம் இருப்பதாகப் போனில் சொன்னான். 

"நானே பஸ் ஏறிப் போயி வாங்கியாரேன்" என்றார் பழனியப்பன்.

"அவன் பாகான் டத்தோவுக்குக் கல்யாணத்துக்குப் போயிட்டான் அங்கிள்."

"அப்ப வெள்ளிக்கெழமைக்குள்ள வரட்டும். கோயில் கமிட்டியில சொல்லிட்டேன். அம்மன் முன்னால வச்சுப் பூச போட்டு வாசிக்கப் போறோம்."

வேறு வழியில்லாமல் தீபன் வேதம் எழுத உட்கார்ந்தான். எழுதியதை எடுத்துக்கொண்டு அப்துல் ஹலீமின் அச்சுக்கடைக்குப் போனான். ஹலீம் படித்துவிட்டு நெற்றியைச் சுருக்கினார்.

"இது பாவமில்லியா தம்பி?"

"பொண்ணு கெடைக்கலன்னா என் பாடுதான் பாவம்ணே. பழசு மாதிரி இருக்கணும்."

"கோப்பியில முக்கி காத்தாடியில காய வச்சா, நூறு வருசம் பழசாயிரும். போயி வாங்கியா."

தீபன் பக்கத்துக் கடைக்கு ஓடி, பெரிய பிளாஸ்டிக் பையில் பால் சேர்க்காத கோப்பி ஓ கட்டிக்கொண்டு வந்தான். அவசரத்தில் 'கோசோங்' என்று சொல்ல மறந்தான். சொல்லாவிட்டால் கடைக்காரர் சீனியை அள்ளிப் போடுவார் என்பது ஈப்போவில் பிறந்த குழந்தைக்கும் தெரியும்.

வெள்ளிக்கிழமை மாலை, வாழ்க்கையில் முதல் தடவையாக எல்லோருக்கும் முன்னால் போய் நின்றான் தீபன். பழனியப்பன் புத்தகத்தை இரு கைகளாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அம்மன் முன்னால் தாம்பாளத்தில் வைத்தார்கள். கற்பூரம் காட்டி முடிப்பதற்குள், தாம்பாளத்தின் அடியிலிருந்து புறப்பட்ட எறும்பு வரிசை மறையின் முதல் பக்கத்துக்குள் நுழைந்துவிட்டது.

கமிட்டிச் செயலாளர் கலாதேவி ஓய்வுபெற்ற தமிழாசிரியை. புத்தகத்தை எடுத்து உதறினார். முகர்ந்தார். ஒரு மூலையை விரலால் தொட்டு நாக்கில் வைத்தார்.

"கோப்பி ஓ" என்றார். "கோசோங்கூட இல்ல. சீனி போட்டது."

கோயிலே தீபனைப் பார்த்தது. தூணருகில் நின்ற புனிதாவின் கண்கள் கலங்குவதைப் பார்த்ததும், அதற்கு மேல் அவனால் ஒரு பொய்கூடச் சொல்ல முடியவில்லை.

"நான்தான் எழுதுனேன். அப்படி ஒரு புத்தகமே இல்ல. அன்னிக்கு நான் தூங்கிட்டேன் அங்கிள். மன்னிச்சிருங்க."

பழனியப்பன் பாய்ந்து வந்து கலாதேவியின் கையிலிருந்து புத்தகத்தைப் பிடுங்கினார்.

"யாரு சொன்னா இல்லன்னு? இது நெசமான மறை."

"அண்ணே, எறும்பு" என்றார் கலாதேவி.

"தெய்வ வாக்கு இனிப்பாத்தான் இருக்கும். எறும்புக்குத் தெரியுது, ஒங்களுக்குத் தெரியல. கூட்டத்தப் பாத்து தம்பிக்குப் பயத்துல வாய் கொழறுது, அவ்வளவுதான்." எறும்புகளை ஒவ்வொன்றாகத் தட்டிவிட்டுப் புத்தகத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். "எல்லாரும் கேட்டுக்குங்க. தை மாசம் எங்க வீட்டுல கல்யாணம். இவருதான் மாப்பிள்ள."

இந்த மனிதரையா கல்நெஞ்சுக்காரர் என்று நினைத்தோம் என்று தீபனுக்கு வெட்கமாக இருந்தது. புனிதா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள்.

மங்களம் சுண்டல் கொடுத்துக்கொண்டே அவனிடம் வந்தாள்.

"ஆண்ட்டி, என் மானத்தக் காப்பாத்த அங்கிள் எவ்வளவு பெரிய பொய்யச் சொல்லிட்டாரு" என்றான் தீபன் தழுதழுத்து.

மங்களம் அவன் கையில் இன்னொரு கரண்டி சுண்டல் வைத்தாள்.

"ஒன் மானமா? நீ வந்துட்டுப் போன அன்னிலேருந்து தெனமும் கோப்பிக் கடையில காய் நகத்தி டாம் வெளையாடிட்டு நேரங்கெட்டு வந்து, 'காலமே களைச்சுத்தான் வருது மங்களம், பெருமறையில இருக்கு'ன்னு சொல்லித்தான் தம்பி, அவரு எங்கிட்ட சோறு வாங்கித் திங்கிறாரு."