விளக்குக் கிழமையில் கட்டிய பலூன்

நானாட்டான்
2016 மே 16

அன்பும் மதிப்பும் மிகுந்த பூமணி மச்சாளுக்கு,

இங்கு நானும் உங்கள் தம்பியும் மகள் தக்சிகாவும் சுகம். கனடாவில் குளிர் குறைந்து உங்கள் முழங்கால் வலியும் குறைந்திருக்க வயிரவரை வேண்டுகிறேன். நேற்று நீங்கள் தொலைபேசியை இடையில் வைத்துவிட்டதால், நான் சொல்ல வந்ததில் முக்கால்வாசி என்னிடமே தங்கிவிட்டது. கடிதத்தைக் கோபத்தில் வைத்தாலும் அது வைத்த இடத்தில் காத்திருக்கும். அதனால் எழுதுகிறேன்.

"ஒரு ஏழு வயசுப் பிள்ளையின்ர பிறந்தநாளுக்கு ஆள் பிடிக்கிறதோ, உங்களுக்குக் கை இல்லையோ?" என்று கேட்டீர்கள். "போரில செத்ததுகளுக்கு விளக்கு வைக்கிற கிழமையில பலூன் கட்டிறதோ?" என்றும் கேட்டீர்கள். இரண்டுக்கும் நான் மன்னிப்புக் கேட்கப் போவதில்லை.

கை இருக்கிறது மச்சாள். அதுதான் பிரச்சினை. இந்த ஊரில் எந்த வீட்டில் என்ன நடந்தாலும் அதே பத்துப் பெண்கள் அதே கதிரைகளைப் போட்டு அதே வெங்காயத்தை வெட்டுகிறோம். மீளக் குடியேறிய நாளிலிருந்து நாங்கள் வெட்டியதெல்லாம் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்கும் ஆண்டுத் திவசத்துக்கும்தான். கத்தியை எடுத்தால் கண்ணீர் தானாக வந்துவிடும், வெங்காயத்துக்கு வேலையே இல்லை. ஒரே ஒரு நாள் இந்தப் பெண்கள் வெறுங்கையோடு விருந்தாளிகளாக வந்து இருக்கட்டும் என்று நினைத்தேன். அதற்காகத்தான் தாழ்வுபாட்டு மீன்பிடிக் குடும்பத்து மதலேனாவைப் பிடித்தேன். கொழும்பில் விழா ஏற்பாடு படித்துச் சான்றிதழ் வாங்கிய பிள்ளை.

திகதியையும் நான் தெரிவு செய்யவில்லை. பிறப்புச் சான்றிதழில் மே 14 என்று முத்திரையோடு இருக்கிறது. பிள்ளையை வேறு மாதத்தில் இன்னொரு தடவை பெற என்னால் முடியாது.

இனி நடந்ததைச் சொல்கிறேன். மதலேனா எண்பது வீட்டுக்கு அழைப்பிதழ் அனுப்பினாள். கீழே 'வருவதை முன்கூட்டியே உறுதிப்படுத்தவும்' என்று தன் தொலைபேசி இலக்கத்தை அச்சடித்திருந்தாள். நம் ஊரில் எவராவது "நான் வாறன், எனக்கும் ஒரு பிளேட் வையுங்கோ" என்று எடுத்துச் சொல்வார்களா? எடுத்தவர் ஒருவர்தான், கிராம அலுவலர். அவரும் வர முடியாது என்று சொல்லத்தான் எடுத்தார். "அன்ரி, ஒருத்தரும் உறுதிப்படுத்தேல்ல. உங்கட வீட்டு ஆக்களோட பன்னிரண்டு பேருக்குச் செய்வம்" என்றாள் மதலேனா. எல்லோரும் வருவார்கள் பிள்ளை என்று நான் சொன்னேன். "நான் இதைப் படிச்சனான் அன்ரி" என்றாள். நானும் பட்டம் வாங்கியவள் அல்லவா, சான்றிதழைக் கண்டதும் அடங்கிவிட்டேன்.

'கடலடி உலகம்' என்பது அவள் போட்ட அலங்காரம். முற்றத்தைச் சுற்றித் தன் தகப்பனின் பழைய வலைகளைக் கட்டி, இடையிடையே நீலப் பலூன் செருகினாள். கழுவித்தான் கொண்டு வந்தாளாம். மூன்று மணிக்கெல்லாம் எங்கள் ஒழுங்கையில் இருந்த அத்தனை பூனையும் உறுதிப்படுத்தாமலே வந்துவிட்டன. ஒரு பூனை பலூனை மீன் என்று நினைத்துக் கடித்தது. வெடித்த சத்தத்துக்கு உங்கள் தம்பி தண்ணீர்த் தாங்கிக்குக் கீழே போய்விட்டார். பிறகு ஏதோ குழாயைத் திருத்தப் போனவர்போல எழும்பி வந்தார்.

நாலு மணிக்கு ஊர் வந்தது. நூறு பேருக்குக் குறையாது. கிராம அலுவலரும் வந்தார். மதலேனா கையில் இருந்த நேர அட்டவணையைப் பார்த்து, பன்னிரண்டு பெட்டிச் சிற்றுண்டியைப் பார்த்து, என்னைப் பார்த்தாள். நான் வாய் திறக்கமுதல் இராசமலர் அக்கா சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு குசினிக்குள் போய்விட்டா. பின்னால் ஒன்பது பெண்கள். வெங்காயக் கூடை வெளியே வந்தது. என் திட்டம் அவ்வளவில் முடிந்தது.

அப்போதுதான் இராசமலர் அக்கா முற்றத்தில் திகதியோடு கட்டியிருந்த பிறந்தநாள் பதாகையை வாசித்தா. போரில் ஊரே ஓடிய வழியில் இந்தப் பிள்ளைக்குத் தொப்புள்கொடி அறுத்தவ அவதான், தெரியும்தானே.

"மே பதினாலோ? ஆர் சொன்னது? இவள் பிறந்தது ஒரு புதன்கிழமை. அண்டைக்குத்தான் என்ர முன்பல்லு விழுந்தது."

"விசர்க் கதை கதையாதை. அது வியாழன். அண்டைக்குத்தான் என்ர சைக்கிளை விட்டிட்டு ஓடினனான்" என்றார் கனகரத்தினம் அண்ணை.

"அண்ணை, உங்கட சைக்கிள் போனது எங்கட ஆடு போனதுக்குப் பிறகு. பிள்ளை அழுத சத்தத்துக்குத்தான் ஆடே கயிறறுத்தது!" என்று வெங்காயம் வெட்டிய ஒருத்தி குரல் கொடுத்தாள்.

"ஆடு கயிறறுத்தது உன்ர பாட்டைக் கேட்டு!" என்றார் அண்ணை.

மச்சாள், ஏழு வருடமாகப் போரின் அந்தக் கடைசி நாட்களைப் பற்றி இந்த ஊரில் ஒருவரும் வாய் திறந்ததில்லை. இப்போது தொலைந்த பல்லையும் சைக்கிளையும் ஆட்டையும் வரிசைப்படுத்தி, என் பிள்ளை பிறந்த நாளைத் தேடினார்கள். சண்டை பிடித்தார்கள். சிரித்து இருமினார்கள். ஐந்து திகதிகள் வந்தன. "அன்ரி, நாலு இருபதுக்குக் கேக்!" என்று மதலேனா கத்தியதை ஒருவரும் கேட்கவில்லை. ஆறரைக்கு வெட்டினோம். தக்சிகா நடுவில் நின்று, தன்னைப் பற்றி இவ்வளவு பேருக்குத் தெரியுமா என்று வாயைப் பிளந்துகொண்டு கேட்டாள். அந்த முகத்தைப் பார்த்த மறுநாள் உங்கள் தொலைபேசி வந்தது. அதனால்தான் எனக்கு அவ்வளவு கோபம்.

விளக்கு வைக்கும் நாளில் விளக்கும் வைப்போம். ஆனால் அரச முத்திரை குத்திய மே 14ஐ உங்களுக்காகவோ ஐந்து திகதிக்காரருக்காகவோ ஒரு நாள்கூட நகர்த்த மாட்டேன்.

மாத்திரைகளை நேரத்துக்குப் போடுங்கோ. அத்தானுக்கும் பிள்ளைகளுக்கும் எங்கள் அன்பு. எல்லாம் நன்மையாக நடக்கும்.

இப்படிக்கு,
உங்கள் தம்பி மனைவி
சிவதர்சினி

பி.கு.: கடிதத்தை ஒட்டப்போகும் நேரம் இராசமலர் அக்கா வந்து, தன் வெற்றிலைப் பையின் அடியில் கிடந்த ஒரு பழைய அட்டையைத் தந்தா. அந்த நாளில் ஒரு தாதி கொட்டிலில் வைத்துப் பிள்ளையை நிறுத்து எழுதியது. 2009 ஏப்ரல் 29, புதன். பிறகு அகதி முகாமில் பதிவுக்காரர் கேட்டபோது, நாட்கணக்குத் தப்பிப்போயிருந்த என் வாய்க்கு வந்ததுதான் மே 14 போலிருக்கிறது. ஆக விளக்குக் கிழமைக்கும் பிள்ளைக்கும் சம்பந்தமே இல்லை, மேலே எழுதிய வீராப்பு முழுக்க வீண். தக்சிகாவிடம் சொன்னேன். "அப்ப வாற வருசம் ரெண்டு தரம்" என்கிறாள். மதலேனாவுக்கும் சொல்லிவிட்டேன், வலை மட்டும் வேண்டாம் என்று. உங்களுக்கும் அழைப்பிதழ் வரும். உறுதிப்படுத்தத் தேவையில்லை, வந்து நில்லுங்கோ. வெங்காயம் இருக்கும்.