நடு அறைக்கு எட்டாவது ஆட்சேபணை

தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனுவின் மனுதாரரும் என் கூடப்பிறந்தவளுமான அக்காவுக்கு,

எதிர்மனுதாரரும் உன் தம்பியுமான நான் எழுதிக்கொள்வது. இங்கே நாங்கள் இருவரும் சுகம். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? போன வாய்தாவுக்கு நீ நீதிமன்றப் படி ஏறுவதைப் பார்த்து மனசு கேட்கவில்லை. கை கொடுக்க ஓடி வந்தேன். அதற்குள் என் வக்கீல், "எதிர்த்தரப்புக்குக் கை குடுக்காதீங்க" என்று சட்டையைப் பிடித்து இழுத்துவிட்டார். அதற்காக முதலில் மன்னித்துவிடு.

நடு அறை உனக்குத்தான் என்று தீர்ப்பு வந்து நாலு வருஷம் ஆகிறது. தீர்ப்பு தப்பு என்று நான் ஒரு நாளும் சொன்னதில்லை. ஆனால் அப்பா கட்டிய வீட்டை யோசித்துப் பார். ரயில் பெட்டி மாதிரி வரிசையாக மூன்று அறை. முன்னால் கூடம், நடுவில் உன் அறை, அதைத் தாண்டினால்தான் சமையலறை, பின்வாசல் கிடையாது. ஒரு வாய் தண்ணீர் குடிக்க நான் தினமும் உன் சொத்துக்குள் அத்துமீறி நுழைய வேண்டும். இதைச் சொல்லித்தான் முதல் ஆட்சேபணை போட்டேன். "அக்கா தண்ணி குடிக்க விட மாட்டாங்களா?" என்று ஜட்ஜ் கேட்டார். நீ எழுந்து நின்று, "விடுவேன் ஐயா, சின்ன வயசுலேர்ந்து அவனுக்கு நான்தான் மொண்டு குடுப்பேன்" என்றாய். கோர்ட்டே சிரித்தது. நான் அசடு வழிந்துகொண்டு வீட்டுக்கு வந்தேன்.

அதோடு நிறுத்தியிருக்கலாம், வக்கீல் விட்டால்தானே. ரெண்டாவது ஆட்சேபணை, தீர்ப்பு டிக்ரியில் பன்னிரண்டு அடி அறை என்று இருக்கிறது, டேப் வைத்து அளந்தால் பதினொன்றே முக்கால்தான், ஆகவே அப்படி ஓர் அறையே உலகத்தில் இல்லை. மூணாவது, அறை உனக்கு, சரி, ஆனா கதவைப் பத்தி டிக்ரியில ஒரு வார்த்தை இல்லை, கதவு என் கூடத்துப் பக்கம் திறக்குது, அதனால கதவு எனக்கு. "அப்ப அந்தம்மா கூரையைப் பிரிச்சுக்கிட்டு இறங்கணுமா?"ன்னு ஜட்ஜ் மூக்கை உடைச்சார். நாலாவது, அந்த மர அலமாரி. அது அறைக்குள்ளேயே வச்சுச் செஞ்சது, வாசல் வழியா வெளிய வராது, அலமாரி என்னுது, அதை எடுக்காம அறையை எப்படிக் காலி பண்றது? சாமானை அப்புறப்படுத்தி அறையை உன்கிட்ட ஒப்படைக்க வந்த கோர்ட் அமீனா, பாவம் மனுஷன், அலமாரியை முதுகு குடுத்துத் தள்ளி, சுளுக்குப் பிடிச்சு, எங்க கூடத்துலயே ரெண்டு மணி நேரம் படுத்துக் கிடந்தார். அஞ்சாவதை என் வீட்டுக்காரி பேர்ல போடலாம்னு வக்கீல் சொன்னார். அவ பேனாவைக் கையால தொடலை. "அண்ணி ரூம்ல அண்ணி இருக்கட்டும், நான் எதுக்குக் கையெழுத்துப் போடணும்?"னுட்டா. அதனால அதையும் நானே போட்டேன். ஆறாவது எதைப் பத்தின்னு சத்தியமா எனக்கு ஞாபகம் இல்லை.

ஏழாவதுதான் அக்கா என்னைப் படுத்துது. முப்பது வருஷம் ஊரார் வீட்டு மின்சார மீட்டரைப் படிச்சவன், என் சொந்த மனுவைப் படிக்காம கையெழுத்துப் போட்டுட்டேன். 'மனுதாரர் உயிருடன் இருப்பதற்கு ஆதாரம் ஏதும் தாக்கல் செய்யப்படவில்லை'ன்னு வக்கீல் கணீர்னு வாசிக்கிறார். நீ கையைத் தூக்கி, "இருக்கேன் ஐயா"ன்னே. எனக்கு அங்கேயே உசிரு போயிடுச்சு. வெளிய வந்து நீ எதுவுமே நடக்காத மாதிரி, எப்பவும் போல பிளாஸ்க் மூடியில எனக்குக் காபி ஊத்திக் குடுத்தே. பேச்சை மாத்தறதுக்காக, உன் மகன் வீட்டுல நீ எங்க படுக்கறேன்னு கேட்டேன். "ஹால் சோபாவுலடா, எல்லாரும் டிவி அணைச்ச பிறகு"ன்னே. மிச்சக் காபியைக் கீழே வச்சுட்டேன். அத்தான் போன பிறகு, "நான் அங்க வந்து இருக்கட்டுமா?"ன்னு நீ கேட்டப்ப, நான் "பார்க்கலாம்"னேன். அந்த ஒரு வார்த்தைக்குத்தான் நீ கோர்ட் ஏறினே. எனக்குத் தெரியாமலா இருக்கும்? ஆனா இப்ப பயமா இருக்கு. இவ்வளவுக்கும் பிறகு நீ அறைக்குள்ள வந்து கதவைச் சாத்திக்கிட்டு என்கூடப் பேசாம இருந்துட்டா? வாய்தான்னா மாசம் ஒரு தடவை காபியாவது கிடைக்குது.

ஆகவே எட்டாவது ஆட்சேபணையைத் திங்கட்கிழமை தாக்கல் செய்கிறோம். தப்பாக எடுத்துக்கொள்ளாதே, கடைசி வரை விடப்போவதில்லை. நீ வரும்போது முன்பக்கப் படியில் ஏறாதே. பின்பக்கம் சரிவுப் பாதை இருக்கிறது, காவலாளியிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.

உன் முழங்காலுக்குச் சுகமும் உன் வக்கீலுக்கு நாவடக்கமும் கிடைக்கட்டும்.

கோர்ட்டுக்கு வெளியே உன் சொல்லைத் தட்டாத,
தம்பி.

பின்குறிப்பு: இதைக் கவரின் முதுகில் எழுதுகிறேன், ஏனென்றால் ஒட்டிவிட்டேன். கடிதத்தைப் பிழை பார்க்க என் வீட்டுக்காரியிடம் கொடுத்தது வினையாகிவிட்டது. "அண்ணி சோபாவுல படுக்கறாங்கன்னு தெரிஞ்சும் எட்டாவதா?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டுவிட்டு அடுப்பைப் பார்க்கப் போனாள். என்னால் உட்கார முடியவில்லை. வக்கீலுக்குப் போன் போட்டு, இனி எதுவும் வேண்டாம் என்றேன். அதே வேகத்தில் நடு அறையைப் பூட்டி, இருக்கிற ஒரே சாவியைக் கவருக்குள் போட்டு ஒட்டினேன். ஒட்டிய பிறகுதான் அவள் அந்தப் பக்கம் சமையலறையில் இருப்பது நினைவுக்கு வந்தது. கவரைக் கிழிக்கட்டுமா என்று கதவு வழியாகக் கத்தினேன். "கிழிச்சீங்கன்னா அதுதான் எட்டாவது ஆட்சேபணை. அண்ணியே வந்து திறக்கட்டும்" என்கிறாள். அதனால் தபாலில் போடாமல் நானே கொண்டுவந்து உன் மகன் வீட்டு வாசலில் நிற்கிறேன். வண்டியும் நிற்கிறது. மாத்திரை, துணிமணி எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு இறங்கி வா அக்கா. நீ வந்து உன் அறையைத் திறந்தால்தான் இன்றைக்கு எனக்குச் சாப்பாடு.