எடுவிஹிஸ் என்றால் சாந்தம்

மரக்காய்போ, செவ்வாய்க்கிழமை

பேரன்புள்ள அக்கா எடுவிஹிஸ் அவர்களுக்கு, தம்பி நேரியோ பணிவுடன் எழுதுவது. சின்னித்தா மாதா புண்ணியத்தில் இங்கே அனைவரும் நலம். ஏரிக்கு அந்தப் பக்கம் தாங்களும் தங்கள் கோழிகளும் நலமென்று நம்புகிறேன். தாங்கள் கைபேசியைத் தொடமாட்டீர்கள் என்பதால் இதைப் பேருந்து ஓட்டுநரிடம் கொடுத்தனுப்புகிறேன்.

அக்கா, பேத்தி பிறந்துவிட்டாள்! யார் என்ன சொன்னாலும் மூக்கு என் மூக்குதான். ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம், ஞானத்தாய் நீதான், உன் பெயரையே வைப்பதாக அவள் பிறக்கும் முன்பே வாக்குக் கொடுத்துவிட்டேன், நீயும் கேக்கில் எழுதச் சொல்லிவிட்டாய், அதற்குள் மாப்பிள்ளை வில்மர் குறுக்கே வந்து, "மாமா, அர்த்தம் தெரியாம பேர் வைக்கக் கூடாது. பூர்வீகம், பொருள் எல்லாம் சரிபார்க்கணும்" என்று கைபேசியில் பெயருக்கு அர்த்தம் சொல்லும் ஏதோ இணையதளத்தைத் திறந்துவைத்து உட்கார்ந்துவிட்டார். எனக்கு வந்ததே கோபம்! "முதல்ல உங்க பொண்டாட்டி பேரைத் தட்டிப் பாருங்க" என்றேன். தட்டினார். நேரிபெல்: பண்டைய கிரேக்கம், 'கடலை அமைதிப்படுத்துபவள்' என்று வந்தது! டொமினோ ஆட்டத்தில் எங்களைத் தோற்கடித்துக்கொண்டே நேரியோவில் பாதி, என் வீட்டுக்காரி மாரிபெல்லில் பாதி என்று அந்தப் பெயரை ஒட்டவைத்தவள் நீதானே, உனக்கு எப்போது கிரேக்கம் தெரியும்? என் மகள் வாயைத் திறந்தால் ஏரி மீனெல்லாம் பாலம் தாண்டி ஓடும், அவளா கடலை அமைதிப்படுத்துவாள்? எனக்கு வெறி பிடித்துவிட்டது. நாம் தின்னும் சோள ரொட்டி, அந்த 'அரேப்பா'வைத் தட்டினேன். 'மலைநாட்டு வீராங்கனை' என்றது. "காலையில ஒரு வீராங்கனையை வெண்ணெய் தடவித் தின்னுட்டேன்டி" என்றேன் மாரிபெல்லிடம். "ரெண்டு" என்றாள். அதற்குள் தெருவே திரண்டுவிட்டது. பஞ்சர் ஒட்டும் யோர்பெனிஸ் 'பாரசீக இளவரசன்' ஆனதும் கடையைச் சாத்திவிட்டு நெஞ்சை நிமிர்த்தி நடக்கிறான், என் டயர் உள்ளே கிடக்கிறது.

அப்போதுதான் மாப்பிள்ளையிடம் கண்டிப்பாகச் சொன்னேன்: "இது வாய்க்கு வந்ததை உளறுது. எடுவிஹிஸ்னா சாந்தம். புறா மாதிரின்னு வச்சுக்குங்க. எங்க அக்காவைப் பத்தி எனக்குத் தெரியாதா?" சொல்லும்போது சிரிப்பை எப்படி அடக்கினேன் என்பது மாதாவுக்கே வெளிச்சம். நம்பிவிட்டார். பெயர் உறுதி, கேக்கோடு வந்து சேர்.

உன் ஆசி வேண்டும் அன்புத் தம்பி,
நேரியோ

பி.கு.: உறையை ஒட்டும் நேரத்தில் மாப்பிள்ளை ஓடி வந்தார். உன் பெயரையும் தட்டிவிட்டார், அக்கா. பழைய ஜெர்மன். முன்பாதி 'சண்டை', பின்பாதியும் 'சண்டை'. பதறிப்போய்ப் பங்குத்தந்தையிடம் கேட்டால், அவரும் தடித்த புத்தகம் ஒன்றைப் புரட்டிவிட்டு அதுதான் சரி என்கிறார். ஊரில் எல்லாப் பெயரையும் தப்பாகச் சொன்னது உன்னை மட்டும் எப்படிக் கண்டுபிடித்ததோ! போச்சு, பெயர் போச்சு என்று தலையில் கைவைத்து உட்கார்ந்தேன். நேரிபெல்தான் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். "அத்தை உங்ககூட ரெண்டு சண்டை போட்டாங்கப்பா. ஒண்ணு என்னைப் படிக்க வைக்க, இன்னொண்ணு இவரை எனக்குக் கட்டிவைக்க. அர்த்தம் சரியாத்தான் இருக்கு. பேரு அதேதான்" என்றாள். மாப்பிள்ளை கைபேசியை அணைத்துவிட்டார். பேத்தி முஷ்டியை மடக்கிக்கொண்டு வீறிட்டாள் பார், எனக்குக் கண் கலங்கிவிட்டது. அக்கா, மூக்கும் உன் மூக்குதான்.