ராகு காலத்தில் கையெழுத்துப் போட்டவன் சீனியர்

முகப்பேர்,
புதன்கிழமை.

சென்னீர்குப்பத்திலிருக்கும் தாய்மாமா திரு. தாமோதரன் அவர்களுக்கு, தங்கள் சொல்லை ஒருநாளும் தட்டாத, அதனாலேயே இன்னும் உதவியாளராக இருக்கும் மருமகன் லட்சுமணன் வணக்கத்துடன் எழுதுவது.

பொருள்: பணி ஓய்வு – தெரிவித்தல் – தொடர்பாக.
பார்வை: முப்பத்து மூன்று ஆண்டுகளுக்கு முன் டீக்கடையில் தாங்கள் வாய்மொழியாக வழங்கிய அறிவுரை.

நானும் சுசீலாவும் நலம். தாங்களும் அத்தையும் தங்கள் முழங்கால் வலியும் எப்படி? போனில் பேசினால் தங்கள் காதுக்கு எட்டுவதில்லை. எனக்கும் குமாஸ்தா புத்தி, எழுத்தில் இல்லாததை நம்புவதில்லை. ஆகவே கடிதம்.

வரும் வெள்ளிக்கிழமை 31ஆம் தேதியோடு நான் ஓய்வு பெறுகிறேன். கண்காணிப்பாளராக அல்ல, உதவியாளராக. காரணம் தங்களுக்குத் தெரியும் என்றாலும் பதிவுக்காகச் சொல்கிறேன். நான் வேலையில் சேரப் போனதும் ஒரு வெள்ளிக்கிழமைதான். தாங்கள்தான் துணைக்கு வந்தீர்கள். அம்பத்தூர் அலுவலக வாசலை நாம் மிதிக்கும்போது மணி பத்தரை. "டேய், ராவு காலம் பொறந்துடுச்சுடா, பன்னெண்டு வரிக்கும் கம்னு ஒக்காரு" என்று எதிர் டீக்கடை பெஞ்சில் என்னை உட்கார வைத்தீர்கள். மூன்று டீ குடித்தோம். பதினொன்றே முக்காலுக்கு ஒருவன் வேர்த்து விறுவிறுத்து ஓடி வந்து, "நைனா, பேனா கீதா? வேலைல சேரணும், கையெய்த்துப் போட பேனா இல்ல" என்றான். தாங்கள் என் பாக்கெட்டிலிருந்தே பேனாவை எடுத்துக் கொடுத்தீர்கள். அவன் உள்ளே போனதும், "ராவு காலத்துல கையெய்த்துப் போடுறான் பாரு, உருப்படுவானா இவன்?" என்றீர்கள். உருப்பட்டுவிட்டான் மாமா. அவன்தான் நாகேந்திரன். அவன் சேர்ந்தது முற்பகல். பன்னிரண்டு ஐந்துக்குப் போன எனக்குப் பதிவேட்டில் பிற்பகல் என்று எழுதினார்கள். எங்கள் அலுவலகத்தில் இருபது நிமிட சீனியாரிட்டியும் சீனியாரிட்டிதான். அன்று போன பேனாவும் திரும்பி வரவில்லை.

பதினோரு வருடத்துக்கு முன் கண்காணிப்பாளர் பதவி காலியானபோது அவனுக்குக் கொடுத்தார்கள். நான் கோர்ட்டுக்குப் போனேன். ஒரே நாளில் சேர்ந்த இரண்டு பேரில் வயதில் மூத்தவன்தானே சீனியர், நான் நாகேந்திரனைவிட நாலு மாதம் மூத்தவன் என்பது என் வாதம். ஆனால் பாருங்கள், வாய்தாவுக்குப் போக லீவு வேண்டுமென்றால் கண்காணிப்பாளர் கையெழுத்துப் போட வேண்டும். லீவு படிவத்தில் காரணம் என்ற இடத்தில் 'தங்கள் மீதான வழக்கு' என்று எழுதி அவனிடமே நீட்டுவேன். அவன் படித்துப் பார்த்து, "எய்த்து அய்கா கீதுப்பா" என்று சொல்லிக் கையெழுத்துப் போடுவான். "நானும்தான் வரணும், உன் வண்டில தொத்திக்கிறேன், எதுக்கு ரெண்டு வண்டி?" என்பான். இப்படியே பதினோரு வருடம் ஒரே ஸ்கூட்டரில் கோர்ட்டுக்குப் போய், ஒரே கடையில் பொங்கல் தின்று, அடுத்த தேதி வாங்கிக்கொண்டு வந்தோம். என் வக்கீல் வராத நாளில் அவனுடைய வக்கீலே எனக்கும் தேதி கேட்டு வாங்கிக் கொடுத்திருக்கிறார். போன மாதம் விசாரணை முடிந்து தீர்ப்பை ஒத்திவைத்திருக்கிறார்கள். வெள்ளிக்கிழமைக்குள் வராது.

மனசுக்குக் கஷ்டமாத்தான் கீது மாமா. சம்பளத்துக்காக இல்லை. மகள் தீபிகாவின் கல்யாணப் பத்திரிகையில்கூட என் பேருக்குக் கீழே உதவியாளர் என்றுதான் போட்டோம், சம்பந்தி வீட்டில் அதை இரண்டு தரம் படித்தார்கள். ஒரே ஒரு நாள் அந்த நாற்காலியில் உட்கார்ந்துவிட்டு ஓய்வு பெற்றிருந்தால் போதும். தங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. இருந்தது, ஆறிவிட்டது. ஆனால் இனிமேல் நான் நேரம் காலம் பார்ப்பதாக இல்லை. இன்று காலை காலண்டரில் ராகு காலம் அச்சடித்த அட்டையைக் கிழித்துக் குப்பைக்கூடையில் போட்டுவிட்டேன். சுசீலா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். போட்டுக்கொள்ளட்டும்.

வெள்ளி மாலை நாலு மணிக்கு அலுவலகத்தில் எனக்குப் பிரிவு உபசார விழா. தாங்களும் அத்தையும் அவசியம் வர வேண்டும். பஞ்சாங்கம் மட்டும் வேண்டாம். தங்கள் கால் வலி தீர வேண்டும், அத்தை நூறு வயசு இருக்க வேண்டும், எங்களைத் தாங்கள் வந்து வாயார ஆசீர்வதித்தால் போதும், நேரம் குறித்து வேண்டாம்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிதலுள்ள மருமகன்,
லட்சுமணன், உதவியாளர் (பிற்பகல்).

பி.கு. வியாழன் மாலை. கடிதத்தைத் தபாலில் போடும் முன் தீர்ப்பு வந்துவிட்டது மாமா! ஜெயித்துவிட்டேன்! நாளை ஒரு நாள் நான் கண்காணிப்பாளர், திங்கட்கிழமை திரும்ப நாகேந்திரன். அவனே என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, "நாற்காலிய தொடச்சு வெக்கிறேன், வந்து ஒக்காரு மச்சான்" என்றான். ஆனால் உத்தரவில் ஒரு நிபந்தனை: நாளை முற்பகலுக்குள் பொறுப்பேற்றுக் கையெழுத்துப் போட வேண்டும், தவறினால் உதவியாளராகவே ஓய்வு. ஆபீஸ் திறப்பது பத்து மணி. பொறுப்பைப் பதிவு செய்யும் அதிகாரி பத்தரைக்கு முன்னால் வந்ததாக வருகைப் பதிவேட்டில் மட்டும்தான் இருக்கிறது. நாளை வெள்ளிக்கிழமை. பத்தரையிலிருந்து பன்னிரண்டு வரை என்னவென்று நான் சொல்ல வேண்டியதில்லை. சுசீலா குப்பைக்கூடையிலிருந்து அட்டையை எடுத்து ஒட்டிவிட்டாள். நானும் பார்த்தேன், பன்னிரண்டு என்றுதான் போட்டிருக்கிறது. மாமா, கோர்ட்டு உத்தரவுக்கு ராகு காலத்தில் ஏதாவது விலக்கு உண்டா? பஞ்சாங்கத்தைப் பார்த்து உடனே சொல்லுங்கள். நாகேந்திரன் செம்பரம்பாக்கம் வீட்டுக்குத் தங்கள் ஊர் வழியாகத்தான் போகிறான், கடிதத்தை அவனிடமே கொடுத்தனுப்புகிறேன். பதிலையும் எழுத்தில் அவனிடமே கொடுங்கள், எழுதப் பேனா அவன் வைத்திருப்பான். காலையில் அவன் அதைக் கொண்டுவந்து கொடுக்கும்வரை நான் எதிர் டீக்கடையில்தான் இருப்பேன்.