கீழ்த்தாடை வரும் வரை

மனிதனுக்கு முகம் பிறக்கும்போதே கிடைத்துவிடுகிறது என்ற நம்பிக்கை நாடு முழுவதும் பரவியிருக்கிறது. இது தவறு. பெருந்தவறு. பிறக்கும்போது கிடைப்பது வெறும் அஸ்திவாரம். முகம் பிறகுதான் எழும்புகிறது, அதுவும் அரசாங்கக் கட்டடம் மாதிரி, ஒரு பக்கம் முடிந்து இன்னொரு பக்கம் நின்றுபோய். மண்டை முந்திக்கொள்ளும். அப்புறம் மேல்தாடை. எல்லோரும் சாப்பிட்டு எழுந்த பிறகு பந்திக்கு வருகிற உறவுக்காரர் போல, கடைசியில் வந்து சேர்வது கீழ்த்தாடை.

இதை நான் சொல்லவில்லை. மருத்துவக் கல்லூரி மாணவன் ஒருவனிடம் இரவல் வாங்கிய தடிப்புத்தகம் சொல்கிறது. இதைத்தான் பல் டாக்டர் வெள்ளைத்துரையிடம் சொன்னேன். அந்த மனிதர் சிரித்தார். அன்றைக்கு ஏறிய கோபம் இதை எழுதும்போதும் இறங்கவில்லை.

என் மகள் ஜெயக்கொடிக்கு வயது பதினொன்று. மேல்வரிசை முன்பற்கள் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். உதடு மூடாது. சிரித்தால் கையால் வாயைப் பொத்திக்கொள்வாள். பள்ளிக்கூடத்தில் யாரோ ஏதோ சொல்லியிருக்கிறார்கள். கொஞ்ச நாளாகச் சிரிப்பதையே நிறுத்திவிட்டாள். என் மனைவி சீனியம்மாள்தான் எங்கள் இருவரையும் டாக்டரிடம் இழுத்துப்போனாள்.

"பல்லு மேல குத்தமில்ல சார். கீழ்த்தாடை பின்தங்கியிருக்கு" என்றார் டாக்டர். "அதை முன்னால பிடிச்சு வைக்கிற மாதிரி ஒரு பிளேட் செஞ்சு தாரேன். வளர்ற வயசு. இப்பவே போட்டுறணும்."

"கீழ்த்தாடை கடைசியாத்தான் வளரும் டாக்டர். பொறுத்தா தானா வந்துரும். புத்தகத்துல இருக்கு."

அப்போதுதான் அந்தச் சிரிப்பு. "எத்தனாம் பக்கம் வரைக்கும் படிச்சீங்க?"

எண்பதாம் பக்கம் வரைக்கும் என்று வாய்தவறிச் சொல்லிவிட்டேன். பாதியில் நிறுத்தியது அவருக்கு எப்படித் தெரிந்தது? எழுந்தேன். "இனிமே இந்தப் படியை மிதிக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று இறங்கிவிட்டேன். தாயும் மகளும் வெகுநேரம் கழித்துத்தான் வந்தார்கள். ஏன் தாமதம் என்று கேட்கவில்லை. கோபக்காரன் கேள்வி கேட்பதில்லை.

பழங்காநத்தத்தில் எங்கள் வீட்டுக்குள் நுழைந்ததும் சீனியம்மாள் ஆரம்பித்தாள்.

"வளர்ற வயசு போயிருச்சுன்னா அப்புறம் யாரு மச்சான் தாடையை இழுக்குறது? நீங்களா?"

"தானா வரும்டி."

"மேலூர் பஸ்ஸே தானா வரமாட்டேங்குது. தாடை வருமாக்கும்!"

"எல்லாம் உங்க வீட்டுத் தாடை. உங்கம்மா தாடையைப் பாரு. கழுத்துக்குள்ள ஒளிஞ்சிருக்கு."

"எங்கம்மா யாரு?"

நான் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினேன்.

"சொல்லுங்க மச்சான். யாரு? உங்கப்பாகூடப் பொறந்தவக. நான் உங்க அத்தை மக. உங்க வீட்டுத் தாடைதான் எங்க வீட்டுக்கு வாக்கப்பட்டுப் போயி, திரும்ப இங்கயே வந்திருக்கு."

அத்தை மகளைக் கட்டியவன் மாமியார் வீட்டு வம்சத்தைத் திட்ட முடியாது. இந்த அநியாயத்தை யாரும் முன்கூட்டி எச்சரிப்பதில்லை.

அன்றே ஒரு முடிவுக்கு வந்தேன். விஞ்ஞானத்தால் அந்த டாக்டரை வீழ்த்துவது. நான் நில அளவை ஆபீசில் வரைபடம் போடுகிறவன். ஊர் எல்லையையே கோட்டில் அடக்கியவனுக்கு ஒரு தாடை எம்மாத்திரம்? மாதம் ஒருமுறை மகளைச் சுவரோரமாகப் பக்கவாட்டில் உட்கார வைப்பேன். ஜன்னலைச் சாத்தி மேசை விளக்கைப் போடுவேன். சுவரில் ஒட்டிய சார்ட் தாளில் அவள் நிழல் விழும். மூக்கு, உதடு, முகவாய் எல்லாவற்றையும் பென்சிலால் ஓட்டிக்கொண்டே வருவேன். மாதா மாதம் கீழ்த்தாடை முன்னேறுவதைப் படமாகவே காட்டி, அந்த மனிதர் வாயை அடைப்பேன்.

ஆடியில் வரைந்தேன். ஆவணியில் வரைந்தேன். தாடை அசையவில்லை.

"பென்சில் முனை தடிச்சுப்போச்சு. அதைக் கழிச்சுப் பார்த்தா வளர்ச்சி தெரியுது" என்றேன்.

"அப்பப் பென்சிலுக்குத்தான் வைத்தியம் பாக்கணும்" என்றாள் சீனியம்மாள்.

அதற்குப் பிறகு அவள் சண்டை போடவில்லை. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். மனைவி மௌனமாகிவிட்டால் ஜெயித்துவிட்டோம் என்று கணவர்கள் நம்புவது ஏன் என்பதை எந்தத் தடிப்புத்தகமாவது ஆராய வேண்டும்.

புரட்டாசியில் ஒரு சனிக்கிழமை மத்தியானம். விளக்கைப் போட்டேன். சுவரைப் பார்த்தேன். பென்சில் கையிலிருந்து விழுந்தது. தாடை வந்திருந்தது! உதடு மூடியிருந்தது. முகவாய் பளிச்சென்று முன்னால் நின்றது.

நான் போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டு அப்துல் லத்தீப் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடிவந்தார்.

"என்னண்ணே, பாம்பா?"

"தாடை, பாய்! தாடை!"

"யாரு தாடை?"

பென்சிலைத் தேடி எடுத்து வரைந்து முடித்து, பழைய படத்தையும் புதிய படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினேன். அவர் உற்றுப் பார்த்தார். "அல்லாவே! வேற பாப்பா மாதிரியில்ல இருக்கு!"

அடுப்படியிலிருந்து சீனியம்மாள் எட்டிப் பார்த்தாள். "நீங்க சொன்னதுதான் சரி மச்சான். என்ன பிரயோசனம்? அந்த டாக்டரு இன்னும் உங்களை அரைகுறைப் படிப்புன்னு நெனச்சுக்கிட்டுத்தான் இருப்பாரு."

ரத்தம் தலைக்கு ஏறியது. "எடு சட்டையை!"

"அயன் பண்ணி வச்சிருக்கேன். ஆறு மணிக்கு இருப்பாராம்."

லத்தீப் தயங்கினார். "அந்தப் படியை மிதிக்க மாட்டேன்னு சொன்னீகளேண்ணே?"

"வைத்தியம் பாக்கவா போறேன், பாய்? பாடம் நடத்தப் போறேன்."

தாயையும் மகளையும் கூட்டிக்கொண்டு போய் டாக்டர் வீட்டுப் படியை மிதித்தேன். பலமாகவே மிதித்தேன். வாசலில் இருந்த பெண் "ஜெயக்கொடிதானே? ஆறு மணிக்கு உங்களுக்குத்தான், வாங்க" என்றாள். கோபத்தில் அது என் காதில் ஏறவில்லை. மேசைமேல் படத்தை விரித்தேன்.

"பாத்துக்கிருங்க. பிளேட் இல்ல, கம்பி இல்ல. தானா வந்த தாடை!"

டாக்டர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். "பிரமாதம் சார்."

"ஒத்துக்கிறீங்களா?"

"பாப்பா, பின்னால உள்ள பல்லு சேர்ற மாதிரி நல்லாக் கடிம்மா."

ஜெயக்கொடி தன் தாயைப் பார்த்தாள். தாய் தலையசைத்தாள். கடித்தாள். மேசை இழுப்பறையைத் தள்ளினாற்போலத் தாடை உள்ளே போய்ப் பழைய இடத்தில் நின்றது.

"என்னடி இது?"

"அம்மாதாப்பா தாடையை முன்னால தள்ளி வச்சுக்கிரச் சொன்னாக. ஒரு வாரமாப் பழகுனேன். ரொம்ப வலிச்சிச்சு."

நான் சீனியம்மாளைப் பார்த்தேன். அவள் சுவரில் இருந்த பல் படத்தைப் படித்துக்கொண்டிருந்தாள்.

"கோவிச்சுக்கிட்டு நீங்க எறங்கிப் போனீகள்ல" என்றாள், படத்திலிருந்து கண்ணை எடுக்காமல். "அன்னைக்கே டாக்டர் புள்ளைய இப்படித் தாடையைத் தள்ளி வச்சுக் காட்டச் சொன்னாரு. அந்த மூஞ்சியைப் பாத்தேன் மச்சான். அழுதுட்டேன். நீங்களும் பாக்கணும்ல?"

"முன்னால வச்சா முகம் திருத்தமா வருதான்னு பாத்துட்டுத்தான் இந்தப் பிளேட்டே செய்வோம்" என்றார் டாக்டர். "நீங்க அதைக் கோடு பிசகாம வரஞ்சே கொண்டாந்துட்டீங்க. நீங்க சொன்னதும் சரிதான் சார், கீழ்த்தாடை கடைசியாத்தான் வளரும். ஆனா எல்லாருக்கும் மேல்தாடையை எட்டிப் பிடிச்சுறாது. வளர்ந்துக்கிட்டு இருக்கையிலேயே பிளேட்டைப் போட்டு வழி காட்டணும். வளர்ச்சி நின்னுட்டா பல்லைத்தான் தள்ளலாம், தாடையைத் தள்ள முடியாது. அது எண்பத்தோராம் பக்கம்."

ஜெயக்கொடிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எத்தனையோ நாளைக்குப் பிறகு வந்த சிரிப்பு. உடனே கை எழுந்து வாயைப் பொத்தியது.

அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். "பிளேட்டுக்கு அச்சு எடுங்க" என்றேன். கோபமாகத்தான் சொன்னேன்.

தீபாவளிக்கு முன்பே பிளேட் வந்துவிட்டது. ரோஸ் நிறம். சாப்பாட்டு நேரம் போக மற்ற நேரமெல்லாம் வாயில் இருக்க வேண்டும். வெந்நீர் பட்டால் வளைந்துவிடும். காலையிலும் மாலையிலும் பச்சைத் தண்ணீரில், இண்டு இடுக்கெல்லாம் பிரஷ் போட்டு, பொறுப்பான ஆள் ஒருவர் கழுவ வேண்டும் என்றார் டாக்டர்.

"மச்சான் எதையும் அளவாச் செய்வாக" என்றாள் சீனியம்மாள்.

கழுவுகிறேன்.