மூண்டேகால் மாப்பிள்ளை

கணக்கே தெரியாதவனால் ஒரு வீட்டுக்கும் ஆபத்தில்லை. அவன் வாயை மூடிக்கொண்டு இருப்பான். அரைகுறையாகத் தெரிந்தவன்தான் கதைப்பான். நான் கதைத்தேன்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டில் போய் இருக்க வேண்டும். அப்படி நான் கல்முனையில் மாமி வீட்டுக்குக் குடிபோன புதிதில், நிந்தவூரிலிருந்து என் ஆட்கள் இருபத்தொரு பேர் புரியாணி விருந்துக்கு வந்தார்கள். சஹன் என்ற பெரிய தட்டைச் சுற்றி ஆறு பேர் இருந்து சாப்பிடுவது வழக்கம். ஆக, மூன்றரை சஹன்.

"சஹனுக்கு ஒண்டரைக் கிலோ அரிசி. மொத்தம் எவ்வளவு வரும், மகன்?" என்றார் மாமி. (மரியாதைக்குக் கேட்டது. நான் அதைத் திறமைக்கு என்று எடுத்துக்கொண்டேன்.)

மனைவி போனை நீட்டினாள். சேச்சே, எனக்கா! ஒன்றையும் மூன்றையும் பெருக்கினேன், மூன்று. அரையையும் அரையையும் பெருக்கினேன், கால்.

"மூண்டேகால் கிலோ!"

"காணுமா மகன்?"

"தாராளமாக் காணும் மாமி."

புது மாப்பிள்ளையின் பேச்சைத் தட்டக் கூடாதாம். மாமி மூன்றேகால் கிலோவை அளந்து போட்டார்.

இரண்டு சஹன் ஆண்களுக்குப் போனது. பெண்கள் பக்கம் போன மூன்றாவதில், சோறு தட்டின் பூவேலையைக்கூட மறைக்கவில்லை. என் ராத்தா, கூடப்பிறந்த அக்காவேதான், மாமியைப் பார்த்துச் சத்தமாகக் கேட்டார்: "எங்கட தம்பிக்கும் இப்பிடித்தான் அளந்து போடுறீங்களோ?"

மாமியின் முகம் செத்துப்போனது. ஆனாலும் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. எனக்குத்தான் தாங்கவில்லை. கதவடியில் போய் நின்று, "ராத்தா, கணக்கு என்ட" என்றேன்.

"யா அல்லாஹ்! இவன்ட கணக்கை நம்பியா உலை வெச்சீங்க, மாமி?"

வீடே சிரித்தது. மாமியும் சிரித்தார், கொஞ்சம் கூடுதலாகவே. மிச்சப் பேருக்குப் பேக்கரிக்கு ஓடிப் பாண் வாங்கி வந்தவன் நான்தான். சஹனில் பாணைப் பிய்த்துப்போட்டு இறைச்சி ஆணம் ஊற்றி விருந்து சாப்பிட்ட பெருமை என் குடும்பத்துக்கே உரியது.

பிறகுதான் விளங்கியது. பெருக்கலும் விருந்து மாதிரித்தான். எல்லாரும் எல்லாருக்கும் சலாம் சொல்ல வேண்டும். ஒன்று போய் அரையிடமும், அரை போய் மூன்றிடமும் சொல்லியிருந்தால் இன்னும் இரண்டு கிலோ வந்து ஐந்தேகால் ஆகியிருக்கும். என் எண்கள் தங்கள் சொந்தக்காரரோடு மட்டும் கதைத்துவிட்டுப் போய்விட்டன.

இப்போது மகள் பின்னக் கணக்கோடு என்னிடம் வந்தால், குசினி அடுப்படியிலிருந்து மாமியின் குரல் வரும்:

"வாப்பாட்டக் கேக்கிறதெண்டா, முதல்ல போய்ப் பாண் வாங்கிட்டு வா புள்ள!"